இந்திப் படப் பாடல்களை லாஸ்லெஸ் தரத்தில் கேட்க: பதிப்பைத் தேர்வதிலிருந்து ஹெட்போன் வரை

லாஸ்லெஸ் பக்கம் புதிதாக வருபவர்கள் பெரும்பாலும் கடைசிப் படியிலிருந்துதான் தொடங்குகிறார்கள். முதலில் விலை கூடிய ஹெட்போன், அடுத்து ஒரு டிஏசி (எண்களாக இருக்கும் ஒலியை ஹெட்போனுக்கான மின்னலையாக மாற்றும் கருவி), அப்புறம் '24 பிட், 192' என்று போட்டிருக்கும் ஏதோ ஒரு ஃபைல். எல்லாம் வந்து சேர்ந்த பிறகும் பாட்டு பழையபடியேதான் ஒலிக்கிறது. லாஸ்லெஸ் என்பது மூலத்தில் இருந்த ஒலியைத் துளியும் குறையாமல் கொண்டுவந்து சேர்க்கும் ஏற்பாடு, அவ்வளவுதான். மூலமே கெட்டுப்போயிருந்தால் அந்தக் கேட்டையும் குறையாமல் கொண்டுவரும்.

இந்திப் பாடல்களில் இந்தச் சிக்கல் கொஞ்சம் அதிகம். ஒரே பாட்டு இசைத்தட்டு, கேசட், சிடி, ஸ்ட்ரீமிங் என்று ஒவ்வொரு முறை வரும்போதும் எங்கோ வெட்டுப்பட்டு, எங்கோ எதிரொலி சேர்ந்து, எங்கோ தாளம் ஏறி வந்திருக்கும். ஆகவே பதிப்பைத் தேர்வது முதலில். பிறகு பிரதி எடுப்பது, சரிபார்ப்பது, விவரம் எழுதுவது. கேட்கும் கருவியைப் பற்றிய கவலை கடைசியில். வரிசை மாறினால் செய்த வேலையையே மறுபடி செய்ய வேண்டிவரும்.

## 1. முன்கூட்டியே கையில் இருக்க வேண்டியவை

சிடி டிரைவ் வேண்டும். லேப்டாப்பில் இல்லையென்றால் யூஎஸ்பியில் செருகும் சாதாரண டிவிடி ரைட்டர் போதும். முடிந்தால் வேறு கம்பெனியின் பழைய டிரைவ் ஒன்றையும் வைத்துக்கொள்ளுங்கள். கீறல் விழுந்த தட்டை ஒன்று படிக்க மறுத்தாலும் மற்றொன்று படித்துவிடுவது உண்டு.

மென்பொருளுக்குச் செலவில்லை. பிரதி எடுக்க விண்டோஸில் எக்ஸாக்ட் ஆடியோ காப்பி, மேக்கில் எக்ஸ்எல்டி, லினக்ஸில் விப்பர். ஒலி அலைவரிசையைப் படமாகப் பார்க்க ஸ்பெக். விண்டோஸில் விவரம் எழுத எம்பி3டேக். கேட்க ஃபூபார்2000.

இடத்துக்கு ஒரு கணக்கு: சிடியில் நொடிக்கு 44,100 மாதிரிகள், ஒவ்வொன்றும் 16 பிட், இரண்டு சேனல். நிமிடத்துக்குப் பத்து எம்பிக்குச் சற்று மேல் வரும். ஃபிளாக் (ஒலியை இழப்பின்றிச் சுருக்கும் ஃபைல் வடிவம்) அதை ஏறக்குறைய பாதியிலிருந்து மூன்றில் இரண்டு பங்கு அளவுக்குச் சுருக்கும். முக்கால் மணி நேர ஆல்பம் பெரும்பாலும் 320 எம்பிக்குள் அடங்கிவிடும். ஒரு டிபி டிஸ்க் பல வருடங்களுக்குத் தாங்கும்.

ஹெட்போன் எதுவானாலும் வயர் உள்ளதாக இருக்கட்டும். ஏன் என்பது ஏழாம் பகுதியில்.

## 2. பதிப்பைத் தேர்வது

அதிக நேரம் செலவிட வேண்டிய இடம் இதுதான். புதியவர்கள் ஒரு நிமிடம்கூட நிற்காமல் தாண்டிப்போவதும் இதைத்தான்.

முதலில், படத்தின் பாடல்களை முதன்முதலில் வெளியிட்ட நிறுவனம் எது என்று தெரிந்துகொள்ளுங்கள். ஐம்பதுகள், அறுபதுகளின் பெரும்பகுதி எச்எம்வி, அதாவது இன்றைய சரிகம. 'ஷோலே' (1975) பாலிடார். 'தில் சே' (1998) வீனஸ், 'தால்' (1999) டிப்ஸ், 'லகான்' (2001) சோனி, 'தில் சாஹ்தா ஹை' (2001) டி-சீரிஸ். உரிமை பின்னாளில் கைமாறியிருக்கலாம். ஆனாலும் சம்பந்தமே இல்லாத ஒரு பெயர் அட்டையில் இருந்தால், அந்தத் தட்டுக்கான ஒலி எங்கிருந்து எடுக்கப்பட்டது என்ற கேள்வி எழ வேண்டும்.

அடுத்து, அட்டையில் 'ஜங்கார்' என்ற சொல் இருக்கிறதா என்று பாருங்கள். கேசட் காலத்தில் பழைய பாட்டின் மேல் டிரம்ஸும் எதிரொலியும் ஏற்றி விற்ற வகை இது. ஆட்டோவிலும் டீக்கடையிலும் நன்றாக எடுபட்டது, ரசிகர்களும் உண்டு. ஆனால் அந்தக் கால இசையமைப்பாளர் நௌஷாத் அமைத்த ஆர்கெஸ்ட்ராவைக் கேட்கத்தான் இந்தப் பாடு என்றால் இது வேண்டாம். 'ரிவைவல்' என்று போட்டிருந்தாலும் இதே எச்சரிக்கை: குரல் பழையது, பின்னணி இசை புதிதாகச் சேர்க்கப்பட்டதாக இருக்கலாம்.

மூன்றாவது, மோனோவா ஸ்டீரியோவா என்பது. ஐம்பதுகளின் பாடல்கள் மோனோவில், அதாவது இரண்டு காதுக்கும் ஒரே ஒலியாக, பதிவானவை. அப்படிப்பட்ட பாட்டுக்கு 'ஸ்டீரியோ' என்று அட்டையில் இருந்தால், பெரும்பாலும் இடது வலது காதுகளுக்கு வெவ்வேறாக வடிகட்டி, எதிரொலி கலந்து செய்த போலி ஸ்டீரியோவாக இருக்கும். குரல் நடுவில் நிற்காமல் தலையைச் சுற்றி மிதக்கும். நல்ல மோனோ பதிப்பு கிடைத்தால் யோசிக்காமல் அதை எடுங்கள்.

நான்காவது, பாட்டின் நீளம். நிமிடத்துக்கு 78 முறை சுழலும் பழைய இசைத்தட்டில் ஒரு பக்கத்துக்குச் சுமார் மூன்றரை நிமிடம்தான் இடம். நீளமான பாட்டை இரண்டு பக்கமாகப் பிரித்தார்கள், அல்லது சரணத்தைக் குறைத்தார்கள். திரையில் கேட்ட சரணம் தட்டில் இல்லையே என்று பலர் குழம்புவது இதனால்தான். அது உங்கள் சிடியின் பழுதாக இருக்க வேண்டியதில்லை, தட்டுக்கான பதிவே அப்படி இருந்திருக்கலாம். திரை வடிவம்தான் வேண்டும் என்றால் டிவிடியிலிருந்து எடுக்கலாம். ஆனால் டிவிடியில் பெரும்பாலும் டால்பி டிஜிட்டல் ஒலி; அது ஏற்கெனவே தகவலை இழந்து சுருக்கப்பட்டது. அதை ஃபிளாக்காக மாற்றினால் ஃபைல் பெருக்குமே தவிர, போனது திரும்பாது. வந்த வடிவிலேயே வைத்திருங்கள்.

ஐந்தாவது, தொகுப்புத் தட்டுகள். இரண்டு படங்களை ஒரே சிடியில் அடைத்தவை மலிவாகக் கிடைக்கும். இடம் போதாமல் முன்னிசையைச் சுருக்கியிருக்கலாம், முடிவைச் சீக்கிரமே மங்கவிட்டிருக்கலாம். வாங்கும் முன் ஒவ்வொரு பாட்டின் நீளத்தையும் தனி ஆல்பத்தின் நீளத்தோடு ஒப்பிடுங்கள். பத்து விநாடிக்கு மேல் குறைந்தால் ஏதோ வெட்டுப்பட்டிருக்கிறது என்று வைத்துக்கொள்ளலாம்.

கடைசியாக, தட்டைத் திருப்பிப் பாருங்கள். தொழிற்சாலையில் அச்சான சிடியின் அடிப்பக்கம் தூய வெள்ளி நிறம். பச்சை, நீலம், பொன் சாயல் தெரிந்தால் அது வீட்டிலோ கடையிலோ எழுதிய சிடி-ஆர். அதில் இருப்பது எம்பி3யை விரித்து எழுதியதாகவும் இருக்கக்கூடும். நடுத் துளையைச் சுற்றிப் பொறித்திருக்கும் எண்ணையும் அட்டையிலுள்ள கேடலாக் எண்ணையும் ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். பழைய கடைகளில் அட்டை ஒரு படம், தட்டு வேறு படம் என்பது சர்வ சாதாரணம்.

'ரீமாஸ்டர்', அதாவது பழைய பதிவை மறுபடி சீர்படுத்தியது, என்ற சொல்லுக்கு மயங்க வேண்டாம். நல்ல ரீமாஸ்டர்கள் இருக்கின்றன. ஆனால் இரைச்சலைத் துடைக்கிறேன் என்று வயலின்களின் மெல்லிய ஓரத்தையும் சேர்த்துத் துடைத்தவை, எல்லாவற்றையும் ஒரே உச்ச சத்தத்துக்கு ஏற்றியவை அதைவிட அதிகம். இரைச்சலோடு வரும் பழைய சிடியா, சுத்தமாக வரும் புதியதா என்றால் நான் பழையதைத்தான் எடுப்பேன். இரைச்சலைக் காது சிறிது நேரத்தில் மறந்துவிடுகிறது. இல்லாமல் போன வயலினை அதனால் வரவழைக்க முடியாது.

## 3. ஸ்ட்ரீமிங்கில் கேட்பதானால்

சிடி வேலையெல்லாம் வேண்டாம் என்பவர்களுக்குச் சந்தா போதும். ஆப்பிள் மியூசிக்கில் 2021 முதல் லாஸ்லெஸ் கூடுதல் கட்டணமின்றிக் கிடைக்கிறது. ஸ்பாட்டிஃபை 2025-இல் கொண்டுவந்தது; உங்கள் திட்டத்தில் அது உண்டா என்று பார்த்துக்கொண்டு கட்டுங்கள்.

சந்தா கட்டினால் தானாக வந்துவிடாது. ஐபோனில் செட்டிங்ஸுக்குள் ஆப்ஸ், அதற்குள் மியூசிக், அதற்குள் ஆடியோ குவாலிட்டி என்று போய் லாஸ்லெஸ்ஸை இயக்க வேண்டும். மொபைல் டேட்டா, வைஃபை, டவுன்லோட் மூன்றுக்கும் தனித்தனி அமைப்பு. வைஃபைக்கு மட்டும் மாற்றிவிட்டு, பஸ்ஸில் போகும்போது சாதாரணத் தரத்தில் கேட்டுக்கொண்டு 'பெரிய வித்தியாசம் இல்லையே' என்பவர்கள் நிறைய.

அங்கேயே டால்பி அட்மாஸ் என்பதை நிறுத்திவிடுங்கள். அட்மாஸ் என்பது சுற்றிலுமிருந்து ஒலிப்பதுபோல் செய்த வேறு மிக்ஸ், லாஸ்லெஸ்ஸும் கிடையாது. அது இயக்கத்தில் இருந்தால் அட்மாஸ் வடிவம் உள்ள பாட்டுக்கு அதுவே முன்னால் வந்து நிற்கும்.

ஒரே ஆல்பம் மூன்று நான்கு முறை பட்டியலில் இருக்கும். முதலில் வருவதையே தட்டாதீர்கள். ஒவ்வொன்றின் கீழும் உள்ள நிறுவனத்தின் பெயரையும் பாட்டின் நீளத்தையும் பார்த்து, இரண்டாம் பகுதியில் சொன்ன அதே அளவுகோலால் தேர்ந்தெடுங்கள். 'ஹை-ரெஸ் லாஸ்லெஸ்' (சிடியைவிட அதிக மாதிரிகள் கொண்ட வடிவம்) என்ற அடையாளம் இருப்பதாலேயே அது மேலான பதிப்பு ஆகிவிடாது. மோனோ காலத்துப் பாட்டுக்கு 192 கிலோஹெர்ட்ஸ் எதற்கு என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை.

## 4. சிடியிலிருந்து பிரதி எடுப்பது

இனி வருவது எக்ஸாக்ட் ஆடியோ காப்பியை வைத்து. மற்ற மென்பொருள்களிலும் பெயர்கள்தான் மாறும்.

தட்டைத் துடைப்பது. மெல்லிய துணியால் நடுவிலிருந்து விளிம்பை நோக்கி நேராகத் துடையுங்கள். வட்டமாகத் துடைத்தால் விழும் சிறு கீறல் தடத்தின் திசையிலேயே நீளும், டிரைவ் தொடர்ச்சியாகப் பல தகவல்களை இழக்கும். குறுக்கே விழுந்த கீறலை டிரைவின் பிழை திருத்தம் சமாளித்துவிடும்.

டிரைவை அறிமுகப்படுத்துவது. ஒவ்வொரு டிரைவும் சில மாதிரிகள் முன்னேயோ பின்னேயோ தள்ளித்தான் படிக்கிறது. இதை ஆஃப்செட் என்பார்கள். காதுக்குத் தெரியாது. ஆனால் உங்கள் பிரதியை மற்றவர்கள் எடுத்ததோடு ஒப்பிட அது சரியாக இருந்தாக வேண்டும். மற்றவர்கள் எடுத்த பிரதிகளின் சரிபார்ப்பு எண்களைச் சேர்த்துவைக்கும் அக்யூரேட்ரிப் தகவல் தொகுப்பிலுள்ள பிரபலமான தட்டு ஒன்றைப் போட்டால் மென்பொருளே கண்டுபிடித்துக்கொள்ளும். இந்திப் பட சிடிகள் பல அந்தத் தொகுப்பில் இல்லை. அதனால் பரவலாக விற்ற ஆங்கில ஆல்பம் ஒன்றை யாரிடமாவது இரவல் வாங்கி, இந்த ஒரு வேலையை மட்டும் முடித்துக்கொள்ளுங்கள்.

படிக்கும் முறை. 'செக்யூர்' முறையைத் தேர்ந்தெடுங்கள். 'பர்ஸ்ட்' முறை வேகமானது. ஒரு முறை படித்துவிட்டு வந்ததை எழுதிவிடும். செக்யூர் முறை ஒவ்வொரு பகுதியையும் மறுபடி படித்துப் பார்த்து, இரண்டும் ஒத்துப்போனால்தான் ஏற்கும். டிரைவ் தரும் சி2 பிழைத் தகவலை நம்பும் வசதியை அணைத்துவையுங்கள். பல டிரைவ்கள் அந்த விஷயத்தில் உண்மை பேசுவதில்லை.

இடைவெளிகள். பாட்டுகளுக்கு நடுவே உள்ள இடைவெளியை முந்தைய பாட்டின் முடிவில் சேர்க்கும் அமைப்பிலேயே விடுங்கள். வசனம் ஓடிப் பாட்டில் கலக்கும் ஆல்பங்களில் இடைவெளியை நீக்கினால் அந்த இடத்தில் 'டக்' என்று ஒரு வெட்டு கேட்கும்.

டெஸ்ட் அண்ட் காப்பி. வெறும் காப்பி வேண்டாம், இதைத்தான் கொடுக்க வேண்டும். மென்பொருள் தட்டை இரண்டு முறை படித்து ஒவ்வொரு பாட்டுக்கும் இரண்டு சிஆர்சி எண்களை (கைரேகை போன்ற சரிபார்ப்பு எண்) தரும். இரண்டும் ஒன்றாக இருந்தால் பிரதி நம்பகமானது. முன்பே சொன்னதுபோல் அக்யூரேட்ரிப்பில் உங்கள் தட்டு இருக்காமல் போகலாம். 'தொகுப்பில் இல்லை' என்று செய்தி வந்ததும் பிழை என்று பயந்து நான்கு முறை மறுபடி எடுப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். அது பிழைச் செய்தியே இல்லை, ஒப்பிட ஆள் இல்லை என்று மட்டும்தான் பொருள். அந்த நேரத்தில் உங்களுக்குச் சாட்சி இந்த இரண்டு எண்கள்தான்.

எண்கள் ஒத்துப்போகாத பாட்டை மட்டும் தனியாக எடுத்துக்கொண்டு, தட்டை மறுபடி துடைத்து, வேகத்தைக் குறைத்து முயலுங்கள். அதற்கும் மசியவில்லையென்றால் இரண்டாவது டிரைவ்.

ஃபிளாக்காக்குவது. 0 முதல் 8 வரை அளவுகள் இருக்கும். எல்லாவற்றிலும் ஒலி ஒன்றே. 8-இல் ஃபைல் சற்றுச் சிறிது, நேரம் சற்று அதிகம். வழக்கமான 5 போதும். 'நார்மலைஸ்' என்று எங்கே கண்டாலும் அணைத்துவிடுங்கள். சத்தத்தைச் சமப்படுத்துகிறேன் என்று அது ஒலியின் எண்களையே மாற்றிவிடும், அதோடு லாஸ்லெஸ் என்ற பேச்சும் முடிந்தது. லாக் ஃபைலையும் (பிரதி எடுத்த விவரக் குறிப்பு) கியூ ஃபைலையும் (தட்டில் பாட்டுகள் இருந்த வரிசையும் இடைவெளியும்) பாட்டுகளோடு அதே ஃபோல்டரில் வையுங்கள்.

80களின் சிடி என்றால் இன்னொரு விஷயம். அவற்றில் சிலவற்றை உயர் அலைவரிசையை ஏற்றிப் பதிந்திருப்பார்கள். சிடி பிளேயர் ஒலிக்கும்போது அதைத் தானாக இறக்கிவிடும். பிரதி எடுத்தால் இறக்க ஆள் இல்லை, பாட்டு கீச்சென்று இருக்கும். மென்பொருளின் பட்டியலில் 'பிரீ-எம்ஃபசிஸ்' என்ற இடத்தில் 'ஆம்' என்று வந்தால் அதைச் சரிசெய்த ஒரு பிரதியைத் தனியாக எடுங்கள். மூலப் பிரதியை அழிக்க வேண்டாம்.

(எல்பி தட்டிலிருந்து எடுப்பது தனி வித்தை. முள், பிரீ-ஆம்ப், வேகம் என்று அது போய்க்கொண்டே இருக்கும். சிடி வேலை கைவந்த பிறகு பார்க்கலாம்.)

## 5. சரிபார்ப்பது

உங்கள் கையால் அசல் சிடியிலிருந்து எடுத்ததானாலும் ஒரு முறை ஸ்பெக்கில் போட்டுப் பாருங்கள். கடையில் வாங்கிய, தொழிற்சாலையில் அச்சான தட்டிலேயே எம்பி3யிலிருந்து எடுத்த பாட்டு இருந்ததைக் கண்டிருக்கிறேன். இணையத்தில் விலை கொடுத்து வாங்கிய ஃபைலுக்கு இந்தச் சோதனை கட்டாயம்.

ஸ்பெக் படத்தில் கீழிருந்து மேலே அலைவரிசை, இடமிருந்து வலமாக நேரம். சிடி தரத்தில் உச்சி 22 கிலோஹெர்ட்ஸ். 128 கேபிபிஎஸ் (நொடிக்கு 128 கிலோபிட்) எம்பி3யாக ஒரு காலத்தில் இருந்த பாட்டில், 16 கிலோஹெர்ட்ஸ் அருகே கத்தியால் நறுக்கியதுபோல் நேர்கோடு தெரியும், அதற்கு மேல் கரும் வெறுமை. 320 என்றால் வெட்டு 20 அருகே. 96 கிலோஹெர்ட்ஸ் என்று விற்கும் ஃபைலில் 22-க்கு மேல் ஒன்றுமே இல்லையென்றால் சிடியை விரித்து விற்கிறார்கள் என்று சந்தேகிக்கலாம்.

இந்திப் பாடல்களில் பலர் தவறாகத் தீர்ப்புச் சொல்லும் இடமும் இதுதான். ஐம்பதுகளின் பதிவில் இசை 8, 10 கிலோஹெர்ட்ஸைத் தாண்டாமலே இருக்கலாம். அந்தக் கால மைக்கும் ஒலிப்பதிவுக் கருவியும் அவ்வளவுதான் பிடித்தன. அதைப் பார்த்துவிட்டு 'போலி' என்று தூக்கி எறியக் கூடாது. இசைக்கு மேலே உள்ள இரைச்சலைப் பாருங்கள். அசல் டேப்பின் இரைச்சல் மங்கலாக உச்சிவரை பரவியிருக்கும். இரைச்சலும் ஒரே உயரத்தில் நேர்கோடாக நின்றுபோனால்தான் சந்தேகம். அப்போதும் எம்பி3 என்று உடனே முடிவுகட்ட முடியாது, ரீமாஸ்டர் செய்தவர் வடிகட்டியிருக்கலாம். இரண்டில் எதுவானாலும் வேறு பதிப்பைத் தேடுவது நல்லது.

பாட்டு உண்மையான மோனோதானா என்று பார்க்க ஸ்பெக்கே வேண்டாம், ஃபூபார் காட்டும் பிட்ரேட்டே (நொடிக்கு எத்தனை கிலோபிட் என்ற அளவு) பேசிவிடும். இடமும் வலமும் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருந்தால் ஃபிளாக் இரண்டாவது சேனலுக்கு ஏறக்குறைய இடமே எடுத்துக்கொள்ளாது. அதனால் உண்மையான மோனோ பாட்டு 300, 400 கேபிபிஎஸ் என்ற அளவில் வரும். அதே பாட்டு 700-க்கு மேல் போனால் இரண்டு சேனலும் வேறுபடுகின்றன. போலி ஸ்டீரியோவாக இருக்கலாம், எல்பியிலிருந்து எடுத்ததாக இருக்கலாம். ஃபூபாரில் மோனோவாக்கும் வடிப்பானைப் போட்டுக் கேளுங்கள். குரல் தெளிந்து நடுவுக்கு வந்தால் அப்படியே வைத்துக்கொள்ளலாம். குழிக்குள்ளிருந்து பாடுவதுபோல் ஆகிவிட்டால் அந்தப் பதிப்பைக் கைவிடுங்கள்.

## 6. விவரங்கள் எழுதுவது

பத்து ஆல்பம் இருக்கும்வரை இது வீண் வேலையாகத் தோன்றும். ஐநூறு ஆனபின் உட்கார்ந்தால் அழுகை வரும். அதனால் ஒவ்வொரு தட்டையும் எடுத்த அன்றே முடித்துவிடுங்கள்.

மென்பொருள்கள் ஆங்கில ஆல்பத்தை மனதில் வைத்துச் செய்யப்பட்டவை: ஒரு பாடகர், ஒரு ஆல்பம். இந்திப் படத்தில் பாடியவர், இசையமைத்தவர், எழுதியவர் மூவரும் வேறு. பாடகரை 'ஆல்பம் ஆர்ட்டிஸ்ட்' இடத்தில் போட்டால் ஒரே படம் ஏழாகச் சிதறும். லதாவுக்கு ஒன்று, கிஷோருக்கு ஒன்று, இருவரும் சேர்ந்து பாடியதற்கு இன்னொன்று. 'ஆல்பம் ஆர்ட்டிஸ்ட்' இடத்தில் இசையமைப்பாளர், 'ஆர்ட்டிஸ்ட்' இடத்தில் பாடகர்கள், 'லிரிசிஸ்ட்' இடத்தில் பாடலாசிரியர் என்று வையுங்கள். இரண்டு பாடகர் என்றால் காற்புள்ளி போட்டு ஒன்றாக எழுதாமல் தனித்தனி மதிப்பாகக் கொடுங்கள். அப்போதுதான் ஆஷா போஸ்லே என்று தேடினால் அவருடைய ஜோடிப் பாடல்களும் வரும்.

பல இசையமைப்பாளர்கள் சேர்ந்த படங்களுக்கு இந்த விதி உடையும். 'ஆஷிகி 2' (2013) படத்தில் மிதுன், ஜீத் கங்குலி, அங்கித் திவாரி என மூவர். அங்கே ஆல்பம் ஆர்ட்டிஸ்டுக்குப் 'பலர்' என்று எழுதி, 'கம்போசர்' இடத்தில் பாட்டுக்குப் பாட்டு சரியான பெயரைப் போடுங்கள்.

பெயர்களின் எழுத்து ஒரே மாதிரி இருக்கட்டும். ஆர்.டி. பர்மன், ராகுல் தேவ் பர்மன், பஞ்சம் மூவரும் ஒருவரே என்பது நமக்குத் தெரியும், மென்பொருளுக்குத் தெரியாது. ஆன்லைனில் தானாக இறங்கும் விவரங்களில் இந்தக் குழப்பம் நிறைய இருக்கும். அவற்றை வரைவாக மட்டும் எடுத்துக்கொண்டு கையால் திருத்துங்கள்.

ஃபோல்டரின் பெயரில் வருடம் அவசியம். 'டான்' 1978-இலும் உண்டு, 2006-இலும் உண்டு. 'உம்ராவ் ஜான்' 1981-இல் கய்யாம், 2006-இல் அனு மாலிக். 'தேவதாஸ்' 1955, 2002. வருடம் என்றால் படம் வந்த வருடம். சிடி அச்சான வருடத்தைப் போட்டால் ஐம்பதுகளின் பாட்டெல்லாம் தொண்ணூறுகளில் போய் உட்காரும். சிடி விவரத்தைக் குறிப்புக்கான இடத்தில் கேடலாக் எண்ணோடு எழுதுங்கள். பின்னால் இதைவிட நல்ல பதிப்பு கிடைத்தால் எதை எதனால் மாற்றினோம் என்று தெரிய வேண்டும். ரஹ்மான் ஆல்பங்களுக்கு மொழியையும் சேருங்கள்: 'ரோஜா' தமிழிலும் இந்தியிலும் அதே பெயர்தான்.

## 7. கேட்கும் பாதை

இப்போதுதான் கருவிகளைப் பற்றிக் கவலைப்பட வேண்டும்.

ப்ளூடூத் ஒலியை அனுப்பும் முறை எஸ்பிசி, ஏஏசி எதுவானாலும் அதை மறுபடி சுருக்கித்தான் அனுப்புகிறது. எல்டாக் என்ற உயர்தர முறை 990 கேபிபிஎஸ் வரை போகும், ஆனாலும் அது லாஸ்லெஸ் கிடையாது. நன்றாக ஒலிக்காது என்று சொல்லவில்லை. இவ்வளவு பாடுபட்டுச் சேர்த்ததைக் கடைசி ஒரு மீட்டரில் ஏன் சுருக்க வேண்டும் என்பதுதான்.

விண்டோஸில் எல்லா ஒலியும் ஒரு மிக்ஸர் வழியாகப் போகிறது. அது 48 கிலோஹெர்ட்ஸில் இருந்தால் உங்கள் 44.1 மாற்றப்படும். ஃபூபாரின் வெளியீட்டுப் பட்டியலில் உங்கள் கருவியின் பெயருக்குப் பக்கத்தில் 'எக்ஸ்க்ளூசிவ்' என்று உள்ளதைத் தேர்ந்தெடுத்தால் மிக்ஸர் விலகிக்கொள்ளும். சவுண்ட் அமைப்பில் இருக்கும் 'என்ஹான்ஸ்மென்ட்' எல்லாவற்றையும் அணையுங்கள். மிக்ஸரின் மாற்றம் காதில் விழுவது அபூர்வம். என்ஹான்ஸ்மென்ட் கட்டாயம் விழும். மேக்கில் ஆடியோ மிடி செட்டப் என்ற கருவியில் 44.1 என்று மாற்றினால் போதும்.

போனில் ஹெட்போன் துளை இல்லையென்றால் சிறிய டாங்கிள் போதும், அதற்குள் டிஏசி இருக்கிறது. ஆப்பிளின் மலிவான டாங்கிளே சிடி தரத்துக்குத் தாராளம். ஆனால் ஆண்ட்ராய்டில் செருகினால் பல போன்களில் சத்தம் குறைவாக வரும். யூஎஸ்பி ஆடியோ பிளேயர் ப்ரோ போன்ற ஆப் டாங்கிளோடு நேரடியாகப் பேசி அதைச் சரிசெய்கிறது. ஐபோனின் மியூசிக் ஆப் ஃபிளாக்கை ஏற்காது. ஆப்பிளின் சொந்த லாஸ்லெஸ் வடிவான ஏலாக்குக்கு மாற்றிக்கொள்ளுங்கள். இரண்டும் லாஸ்லெஸ் என்பதால் எத்தனை முறை இங்குமங்கும் மாற்றினாலும் எதுவும் குறையாது.

ஆல்பங்களின் சத்தத்தைச் சமப்படுத்தும் ரீப்ளேகெய்னை ஃபூபாரில் ஒரு முறை ஓட்டிவிடுங்கள். அறுபதுகளின் ஆல்பத்தை அடுத்து 2010க்குப் பிறகான ஆல்பம் வந்தால் காது கிழியும். ரீப்ளேகெய்ன் ஒலியைத் தொடாமல், எவ்வளவு குறைத்து ஒலிக்க வேண்டும் என்ற குறிப்பை மட்டும் டேக்கில், அதாவது ஃபைலின் விவரப் பகுதியில், எழுதும். முழு ஆல்பம் கேட்பவர்கள் 'ஆல்பம்' முறையை வையுங்கள். 'ட்ராக்' முறை மெல்லிய சோகப் பாட்டையும் ஆட்டப் பாட்டையும் ஒரே சத்தமாக்கிவிடும்.

காருக்குத் தனியாக எம்பி3 அல்லது ஏஏசி பிரதி எடுத்துப் பென் டிரைவில் போடுங்கள். இன்ஜின் சத்தத்தில் ஃபிளாக் எதற்கு?

## 8. வித்தியாசம் உண்மையிலேயே கேட்கிறதா

உங்கள் ஃபிளாக்கிலிருந்தே ஒரு 128 எம்பி3யும் ஒரு 320 எம்பி3யும் செய்யுங்கள். ஃபூபாரின் ஏபிஎக்ஸ் கருவியில் போட்டு, எது எது என்று தெரியாமல் கேளுங்கள். 16 முறைக்கு 12 முறையாவது சரியாகச் சொன்னால்தான் கேட்கிறது என்று பொருள். இணையத்தில் எடுத்த எம்பி3யோடு ஒப்பிடாதீர்கள். அது வேறு பதிப்பாக இருக்கும், நீங்கள் கேட்பது பதிப்பின் வித்தியாசத்தை.

குரலைக் கவனித்துப் பயனில்லை, எம்பி3 அதை நன்றாகவே காப்பாற்றும். சட்டென்று தொடங்கி மெல்ல மறையும் ஒலிகளைப் பிடியுங்கள். 'யாதோன் கி பாராத்' (1973) ஆல்பத்தில் ஆர்.டி. பர்மன் கண்ணாடிக் குவளையைத் தட்டிப் பாட்டைத் தொடங்குவாரே, அந்த இடம் நல்ல சோதனை. 128-இல் தட்டலுக்குச் சற்று முன்பே ஒரு மெல்லிய உரசல் கேட்கலாம், கிணுகிணுப்பின் வால் மொழுக்கென்று முடியலாம். சலங்கை, சந்தூர், கைத்தட்டல், 'ஸ', 'ஷ' ஒலிகள் இவையும் பிடித்துக்கொடுக்கும்.

320-ஐ ஃபிளாக்கிலிருந்து பிரித்தறிய முடியவில்லை என்றால் வெட்கப்பட ஒன்றுமில்லை, பெரும்பாலோருக்கு முடிவதில்லை. என்னைக் கேட்டால், பழைய 'ஜங்கார்' எம்பி3யிலிருந்து நல்ல மோனோ சிடிக்கு மாறும்போது கிடைப்பதில் பத்தில் ஒரு பங்குகூட 320-லிருந்து ஃபிளாக்குக்கு மாறும்போது கிடைப்பதில்லை. பிறகு ஃபிளாக் எதற்கு என்றால், அதிலிருந்து நாளை எந்த வடிவுக்கும் மாற்றலாம். எம்பி3யிலிருந்து மாற்றினால் ஒவ்வொரு மாற்றத்திலும் கொஞ்சம் போகும்.

## 9. காப்பு

வீட்டில் ஒரு டிஸ்க், வேறு இடத்தில் ஒரு டிஸ்க் என்று இரண்டாவது வையுங்கள். அசல் சிடிகளை விற்றுவிடாதீர்கள். மறுபதிப்பு வராத ஆல்பங்கள் நிறைய, சில நிறுவனங்களே இப்போது இல்லை. தவிர, உங்கள் பிரதி உங்கள் சொந்த உபயோகத்துக்கு என்று சொல்ல அந்தத் தட்டு கையில் இருக்க வேண்டும்.

ஒவ்வொரு ஃபிளாக் ஃபைலுக்குள்ளும் அதன் ஒலிக்கான எம்டி5 எண் (இதுவும் ஒரு சரிபார்ப்பு எண்) இருக்கிறது. ஃபூபாரில் 'ஃபைல் இன்டெக்ரிட்டி வெரிஃபையர்' என்ற இணைப்பைச் சேர்த்து, மொத்தத் தொகுப்பையும் வருடத்துக்கு ஒரு முறை ஓட்டுங்கள். எந்த ஃபைலாவது கெட்டிருந்தால் பெயரோடு காட்டும். முதல் டிஸ்க்கில் கெட்டதை இரண்டாவதிலிருந்து எடுத்து வையுங்கள், அதற்கு முன் இரண்டாவதையும் இதே சோதனையில் ஓட்டிப் பார்த்துவிடுங்கள். சோதிக்காமல் முதல் டிஸ்க்கை இரண்டாவதின் மேல் அப்படியே காப்பி செய்தால் நல்ல பிரதியின் மேல் கெட்டது போய் உட்கார்ந்துவிடும்.